கேள்வி கேட்கும் நாற்காலியில் ஒரு கறுப்பினப் பெண்

தொலைக்காட்சியில் குற்றத் தொடர் பார்க்காத வீடு நம் ஊர்களில் குறைவு. கொலை நடக்கும், போலீஸ் வரும், குற்றவாளி பிடிபடுவார். ஆனால் விசாரிக்கிற நாற்காலியில் உட்கார்ந்திருப்பவர் யார், எதிரே கைகட்டி நிற்பவர் யார் என்று நாம் கவனிப்பதில்லை. அமெரிக்கக் கறுப்பின நடிகை எஸ். எபாத்தா மெர்கர்சனின் வாழ்க்கை அந்தக் கேள்வியை நம் முன் வைக்கிறது.

1952-ல் மிச்சிகன் மாநிலத்தில் பிறந்தவர் இவர். டெட்ராய்ட் நகரில் வளர்ந்து, அங்குள்ள வெய்ன் அரசுப் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார். நாடக மேடைதான் அவருக்குப் பயிற்சிக்களம். ஆகஸ்ட் வில்சனின் ‘தி பியானோ லெசன்’ நாடகத்துக்காக 1990-ல் டோனி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார்.

அதே ஆண்டில்தான் நியூயார்க் போலீஸையும் அரசு வழக்கறிஞர்களையும் பற்றிய ‘லா அண்ட் ஆர்டர்’ தொடர் தொடங்கியது. 1991-ல் அதன் ஓர் அத்தியாயத்தில் மெர்கர்சன் வந்தார். துப்பாக்கிச் சூட்டில் குழந்தையைப் பறிகொடுத்த தாய் வேடம். கறுப்பினப் பெண் என்றால் அழுகிற பாத்திரம்தான் என்பது அன்றைய வழக்கம்.

1993-ல் நிலைமை மாறியது. தொடரில் பெண்கள் வேண்டும் என்று தொலைக்காட்சி நிறுவனம் வற்புறுத்த, துப்பறிவாளர்களுக்கு மேலதிகாரியான லெப்டினன்ட் அனிட்டா வான் பியூரன் வேடம் மெர்கர்சனுக்கு வந்தது. அதே நேரத்தில் ரிச்சர்ட் புரூக்ஸ் என்ற கறுப்பின நடிகர் தொடரிலிருந்து விலக்கப்பட்டார். இடம் கொடுக்கும்போதும் எண்ணித்தான் கொடுக்கிறார்கள்!

அவர் கதாநாயகி அல்ல. அத்தியாயத்துக்குச் சில காட்சிகள்தான். துப்பறிவாளர்கள் அவர் அறைக்கு வந்து கண்டுபிடித்ததைச் சொல்வார்கள். அடுத்து எங்கே போக வேண்டும் என்று அவர் சொல்வார். 2010-ல் தொடர் நிறுத்தப்படும் வரை 17 சீசன்கள் அந்த நாற்காலியில் இருந்தார். அந்த இருபது சீசன்களில் அவரைவிட அதிக அத்தியாயங்களில் வந்தவர் வேறு யாரும் இல்லை.

நம் ஊழியர்களுக்குப் பழக்கமான ஒரு கதையும் அதில் உண்டு. பணிமூப்பில் தனக்குப் பின்னால் இருந்த வெள்ளைக்காரப் பெண்ணுக்குப் பதவி உயர்வு போகிறது. வான் பியூரன் துறைமீதே வழக்குப் போடுகிறார், தோற்கிறார். ஆனாலும் வேலையை விட்டுப் போகவில்லை. பதவி உயர்விலும் இடஒதுக்கீடு தர வழி செய்து 1995-ல் அரசியல் சட்டத்தின் 77-வது திருத்தம் ஏன் தேவைப்பட்டது என்பதை அறிந்தவர்களுக்கு இந்தக் கதை தூர தேசத்துக் கதையாகத் தெரியாது.

2005-ல் ‘லக்கவானா புளூஸ்’ தொலைக்காட்சிப் படத்தில் முதன்மை வேடம் கிடைத்தது. எம்மி, கோல்டன் குளோப் இரண்டையும் வென்றார். அப்போது அவருக்கு வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது. திறமை புதிதாக வந்ததல்ல, வாய்ப்புதான் தாமதமாக வந்தது.

பின்னாளில் வேர்களைத் தேடும் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் இன்னொரு உண்மை தெரியவந்தது. 1838-ல் மேரிலாந்து இயேசு சபையினர் 272 அடிமைகளை விற்று, ஜார்ஜ்டவுன் கல்லூரியின் கடனை அடைக்க அந்தப் பணத்தில் ஒரு பகுதியைப் பயன்படுத்தினர். விற்கப்பட்டவர்களில் மெர்கர்சனின் முன்னோர்களும் இருந்தார்கள். கல்விக்கூடம் நிமிர, அவர்கள் குடும்பங்கள் சிதறின. இதற்காக 2017-ல் அந்தப் பல்கலைக்கழகம் மன்னிப்புக் கேட்டது.

அந்த அடிமை முறையை ஒழிக்கப் போராடிய அமெரிக்க மக்களுக்குத்தான் 1873-ல் ஜோதிராவ் புலே தம் ‘குலாம்கிரி’ நூலைக் காணிக்கையாக்கினார். அவர்கள் வலியில் நம் வலியைக் கண்டவர் அவர்.

மாணவர்களுக்கு ஒரு வேலை சொல்கிறோம். இன்று இரவு எந்தத் தொடர் பார்த்தாலும் ஒரு தாளில் எழுதுங்கள். அதிகாரி யார், சந்தேகத்துக்கு உள்ளாகிறவர் யார், குடிசை எப்போது காட்டப்படுகிறது? பத்து நாள் எழுதிப் பாருங்கள். சின்ன வேடம் என்று எதுவும் இல்லை என்பது அப்போது புரியும்.