ஆவி அடங்கட்டும்

அக்டோபர் பிறந்துவிட்டால் அமெரிக்காவில் பூசணியிடமிருந்து யாரும் தப்ப முடியாது. காபி, கேக், ஐஸ்கிரீம் எதையும் அது விடுவதில்லை. வீடுகளில் விடுமுறை நாள் காலையில் பூசணி வாஃபிள் சுடுவார்கள். மேலே வெண்ணெயில் வதக்கிய ஆப்பிள், அதற்கும் மேலே மேப்பிள் பாகு. படத்தில் கண்ணைப் பறிக்கும்; தட்டில் பாதி நேரம் சொதசொதவென்று கிடக்கும். இதற்குக் கைப்பக்குவத்தைக் குறை சொல்லிப் பயனில்லை. குற்றவாளி தண்ணீர்.

பூசணி விழுதில் சுமார் 90 சதவீதம் தண்ணீர்தான். வாஃபிளுக்கு வேண்டியதோ மொறுமொறுப்பு, அதாவது மேல்தோலில் தண்ணீரே இல்லாத நிலை. இந்த இரண்டையும் ஒரே அச்சுக்குள் சமாதானமாக உட்கார வைக்க வேண்டும்.

அங்கே பெரும்பாலோர் டின்னில் வரும் விழுதையே வாங்குகிறார்கள். இல்லினாய் மாநிலத்தின் மார்ட்டன் என்ற சிற்றூர் இதற்குப் பேர்போனது. ஹாலோவீனுக்குக் கண், மூக்கு செதுக்கி வாசலில் வைக்கும் ஆரஞ்சு நிறப் பூசணி அல்ல அது. அந்தக் காயில் நாரும் நீரும்தான் அதிகம். டின்னுக்குள் போவது வெளிர்பழுப்புத் தோல் கொண்ட டிக்கின்சன் வகை. தாவரவியல்படி குக்குர்பிட்டா மாஸ்கேட்டா இனம். நம் சந்தையில் கீற்றுப் போட்டு விற்கும் பரங்கிக்காயும் இதே இனம்தான் என்பதால், இங்கே செய்து பார்க்க நினைப்பவர்கள் டின்னைத் தேடி அலைய வேண்டாம்.

எந்த விழுதானாலும் நேராக மாவில் கொட்டக் கூடாது. அகலமான வாணலியில் போட்டு, அல்வா கிளறுவதுபோல் அடி பிடிக்காமல் கிளற வேண்டும். முதலில் தளதளவென்று குமிழ் விடும். சிறிது நேரத்தில் நிறம் ஆழ்ந்து, கரண்டியால் கோடு இழுத்தால் கோடு மூடாமல் நிற்கும். அதுதான் பதம். தண்ணீர் குறையக் குறைய சர்க்கரையின் செறிவு கூடும். பச்சை வாடையும் போய்விடும்.

இனி மசாலா. பூசணிக்கென்று சொந்த மணம் அதிகமில்லை. அமெரிக்கர்கள் இலையுதிர்கால மணம் என்று உருகுவது மெக்கார்மிக் நிறுவனம் 1934-ல் ஒரே புட்டியில் அடைத்து விற்கத் தொடங்கிய கலவையை: இலவங்கப்பட்டை, சுக்கு, ஜாதிக்காய், ஆல்ஸ்பைஸ். வீடுகளில் கிராம்பும் சேரும். பட்டையின் மணத்துக்குச் சின்னமால்டிஹைடு, கிராம்புக்கும் ஆல்ஸ்பைஸுக்கும் யூஜினால் காரணம். வேடிக்கை என்னவென்றால், இவற்றில் சுக்கைத் தவிர மற்ற எல்லாமே வெப்பமண்டலத்தின் பசுமைமாறா மரங்கள் தருபவை. இலையுதிர்காலம் என்றால் என்னவென்றே அந்த மரங்களுக்குத் தெரியாது. ஜாதிக்காயின் தாயகமான பாண்டா தீவுகளுக்காக டச்சுக்காரர்களும் ஆங்கிலேயர்களும் அடித்துக்கொண்டார்கள். 1667-ல் பிரெடா உடன்படிக்கையின்போது ரன் என்ற குட்டித் தீவு டச்சுக்காரர் கையிலும், மன்ஹாட்டன் ஆங்கிலேயர் கையிலும் தங்கிவிட்டன. அதற்குள் டச்சுக் குடியேறிகள் தங்கள் வாஃபிளை அமெரிக்க மண்ணில் இறக்கிவிட்டிருந்தார்கள்.

இந்த மணப்பொருள்கள் தண்ணீரைவிடக் கொழுப்பில் நன்றாகக் கரைபவை. ஆகவே மசாலாப் பொடியை மாவோடு கலப்பதைவிட, உருகிய வெண்ணெயில் இளஞ்சூட்டில் சற்று நேரம் போட்டு எடுத்துக் கலந்தால் மணம் தூக்கும். தாளிப்பு அறிந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

மாவுக்கு மோரும் சமையல் சோடாவும். மோரின் லாக்டிக் அமிலம் சோடாவோடு வினைபுரிந்து கரியமில வாயுவை விடும்; மாவு உப்பும். ஒரு கப் மோருக்கு அரைத் தேக்கரண்டி சோடா போதும். மிஞ்சினால் சோப்பு வாடை அடிக்கும். மைதாவில் கால் பங்கைக் குறைத்துக் கார்ன்ஃப்ளவர் சேர்த்தால் குளூட்டன் குறைந்து தோல் மொறுமொறுப்பாகும். மாவில் சிறு கட்டிகள் இருந்தால் இருக்கட்டும். அடித்து அடித்து மிருதுவாக்கினால் வாஃபிள் ரப்பராகிவிடும்.

அச்சில் ஊற்றியதும் பக்கவாட்டில் ஆவி சீறும். அங்கேதான் முழு விஷயமும் இருக்கிறது. தண்ணீர் இருக்கும்வரை மாவின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. வரும் வெப்பத்தையெல்லாம் நீராவி எடுத்துக்கொண்டு போய்விடும். தோல் வறண்ட பிறகுதான் சூடு ஏறி, 140 டிகிரிக்கு மேல் மெய்யார்டு வினை வேகம் பிடிக்கும். சர்க்கரையும் அமினோ அமிலங்களும் சேர்ந்து பொன்னிறத்தையும் வறுத்த மணத்தையும் உண்டாக்கும் வினை இது. லூயி கமீல் மெய்யார்டு 1912-ல் இதை விவரித்தார். சிக்கலான அதன் படிகளை 1953-ல் வரிசைப்படுத்திக் கொடுத்தவர் ஜான் ஹாட்ஜ் என்ற கறுப்பின வேதியியலாளர். அவர் வேலை பார்த்த அரசு ஆய்வகம் இருந்த பியோரியா நகரம், பூசணிக்குப் பேர்போன மார்ட்டனுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது!

ஆவி சீறும்போது மூடியைத் திறந்தால் வாஃபிள் இரண்டாகக் கிழியும். ஆவி அடங்கிய பிறகு, மாவும் முட்டையும் இறுகித் தோல் தானே அச்சை விட்டு விலகும். கட்டம் கட்டமான அச்சு வெறும் அழகுக்கு இல்லை. அது சூடு தொடும் பரப்பைப் பெருக்கி, தண்ணீர் வெளியேறும் தூரத்தைக் குறைக்கிறது. எடுத்ததைத் தட்டில் அடுக்கினால் பட்ட பாடு வீண். அடியில் ஆவி நீராகத் திரும்பிவிடும். கம்பி வலைமேல் ஒற்றையாகப் பரப்பி வையுங்கள்.

பழத்திலும் அதே தண்ணீர்தான். ஆப்பிள் செல்களை ஒட்டி வைத்திருப்பது பெக்டின். கிரானி ஸ்மித் போன்ற புளிப்பு ஆப்பிளில் அமிலம் அதிகம் என்பதால் பெக்டின் எளிதில் கரையாது, துண்டு துண்டாகவே நிற்கும், மெக்கின்டாஷ் கூழாகிவிடும். சர்க்கரையை முதலிலேயே போட்டால் சாற்றை இழுத்துவிடும். வெண்ணெயில் தீயைக் கூட்டி வதக்கி, ஓரம் சிவந்த பிறகு போட வேண்டும். கூடவே ஒரு கைப்பிடி கிரான்பெர்ரி. அவை சூட்டில் பட்டென்று வெடித்து, தம் பெக்டினால் சாற்றைக் கெட்டியாக்கும். அவற்றின் சிவப்புக்குக் காரணமான ஆந்தோசயனின்தான் மேப்பிள் இலையையும் சிவக்க வைக்கிறது. இலை பழுக்கும்போது தெரியும் மஞ்சளும் பூசணியின் மஞ்சளும் கரோட்டினாய்டு குடும்பம். என்னைக் கேட்டால், தட்டில் இலையுதிர்காலம் நிஜமாகவே இருப்பது மணத்தில் இல்லை, இந்த நிறத்தில்தான்.

மேப்பிள் பாகு குளிர்காலக் கடைசியில் இறக்கும் சாறு. ஏறக்குறைய 40 லிட்டர் சுண்டி ஒரு லிட்டர் ஆகும். அதில் மூன்றில் ஒரு பங்குதான் தண்ணீர், அதையும் சர்க்கரை இறுகப் பிடித்து வைத்திருப்பதால், நீர்த்த பழச்சாற்றைப்போல் வாஃபிளை உடனே நனைப்பதில்லை. என்றாலும் பழமும் பாகும் சாப்பிட உட்கார்ந்த பிறகு ஊற்ற வேண்டியவை. மீந்த வாஃபிளை ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் வைக்காமல் ஃப்ரீசரில் வையுங்கள். கீழ்த்தட்டின் குளிரில் ஸ்டார்ச் வேகமாக விறைத்துப்போகும். ஃப்ரீசரிலிருந்து நேரே டோஸ்டருக்குப் போனால் உள்ளிருந்து தோலுக்கு வந்த ஈரம் மறுபடி ஆவியாகி ஓடிவிடும்.