வீக்கம் வடிந்தால் குணமா?

தலைவலி என்று சொன்னதும் நம் வீடுகளில் முதலில் வருகிற யோசனை, "கண்ணை ஒருதரம் செக் பண்ணிடு" என்பதுதான். நல்ல யோசனைதான். ஆனால் அந்தச் சோதனை பெரும்பாலும் ஆப்டிகல்ஸ் கடையின் எழுத்துப் பலகையோடு முடிந்துவிடுகிறது. கடைசி வரி வரை தடங்கலில்லாமல் படித்துவிட்டால் "கண்ணுக்கு ஒண்ணுமில்லை" என்று அனுப்பிவிடுவார்கள். மண்டைக்குள் அழுத்தம் ஏறி, பார்வை நரம்பு வீங்கிக் கிடக்கிற ஒருவராலும் அந்தக் கடைசி வரியைப் படித்துவிட முடியும். ஆரம்பத்தில் மட்டுமல்ல, சில வேளைகளில் நரம்பின் கணிசமான பகுதி பழுதான பிறகும்கூட.

அதனால்தான் கண் மருத்துவர்கள் மருந்து விட்டுப் பாப்பாவை விரித்து உள்ளே பார்க்கிறார்கள். வீக்கம் இருந்தால் அதற்குக் கிரேடு போடுகிறார்கள். இந்தக் கிரேடு எதைச் சொல்கிறது, எதைச் சொல்லாமல் விடுகிறது என்பது நோயாளிக்கும் தெரிந்திருப்பது நல்லது. கிரேடு குறைந்துவிட்டது என்று கேட்டதுமே மாத்திரையை நிறுத்திவிடுகிறவர்கள் இருக்கிறார்கள்.

ஒன்றரை மில்லிமீட்டர் வட்டம்

விழித்திரையிலிருந்து புறப்படும் சுமார் 10 முதல் 12 லட்சம் நரம்பு இழைகள் ஓரிடத்தில் திரண்டு, கண்ணைவிட்டு வெளியேறி மூளைக்குப் போகின்றன. அவை வெளியேறும் வாசல்தான் பார்வை வட்டு. மருத்துவமனையில் 'டிஸ்க்' என்பார்கள். குறுக்களவு ஏறத்தாழ ஒன்றரை மில்லிமீட்டர். 1851இல் ஜெர்மானிய அறிவியலாளர் ஹெல்ம்ஹோல்ட்ஸ் ஆஃப்தால்மாஸ்கோப் கருவியை அறிமுகப்படுத்திய பிறகுதான் உயிரோடிருப்பவரின் கண்ணுக்குள் இதைத் தெளிவாகப் பார்க்க முடிந்தது.

மூளையைச் சூழ்ந்திருக்கும் நீர், பார்வை நரம்பின் உறைக்குள்ளும் நிறைந்திருக்கிறது. மண்டைக்குள் அழுத்தம் ஏறினால் அதே அழுத்தம் உறை வழியாக வந்து வட்டின் பின்புறத்தை நெருக்கும். ஒவ்வொரு நரம்பு இழைக்குள்ளும் புரதங்களும் பிற பொருள்களும் ஓயாமல் நகர்ந்துகொண்டிருக்கின்றன. அந்த ஓட்டம் வட்டின் அடியிலுள்ள சல்லடைத் தகட்டில் தடைபடுகிறது. சுங்கச்சாவடியை மூடினால் லாரிகள் தேங்குவதைப்போலப் பொருள்கள் தேங்கி இழைகள் உப்புகின்றன. பஞ்சாபில் பிறந்து அமெரிக்காவின் அயோவாவில் பணியாற்றிய சோகன் சிங் ஹேரே, இந்த வீக்கம் எப்படி உண்டாகிறது என்பதை விளக்கிய ஆய்வாளர்களில் முக்கியமானவர். மூளை அழுத்தத்தால் வரும் இந்த வீக்கத்துக்குப் பாப்பிலடீமா என்று பெயர். பெரும்பாலும் இரண்டு கண்களிலும் வரும்.

காரணம் கட்டி மட்டுமல்ல

'நரம்பு வீங்கியிருக்கு' என்றதும் மூளைக்கட்டி என்று வீடே பதறும். கட்டி இல்லை என்று உறுதிசெய்துகொள்வது அவசியம்தான். ஆனால் நம் நாட்டில் காசநோய் மூளைக்காய்ச்சலும், நாடாப்புழு முட்டையால் மூளையில் வரும் நீர்க்கட்டிகளும் இதே வீக்கத்தைத் தரும். பிரசவத்துக்குப் பிந்தைய வாரங்களில் மூளையின் சிரைக்குழாயில் ரத்தம் உறைவது இன்னொரு காரணம். கருத்தடை மாத்திரை எடுப்பவர்களுக்கும் இது வரலாம். பிரசவமான பெண்ணின் தலைவலியை 'தூக்கம் கெட்டதால்' என்று தள்ளிவிடுவது ஆபத்தான பழக்கம்.

ஸ்கேனில் எதுவும் தெரியாமலே அழுத்தம் ஏறுவதும் உண்டு. எடை கூடிய இளம்பெண்களிடம் இது அதிகம். முகப்பருவுக்கான டாக்ஸிசைக்ளின், மினோசைக்ளின், ஐசோட்ரெட்டினாயின் போன்ற மருந்துகளும், அளவுமீறிய வைட்டமின் 'ஏ'யும் இதைத் தூண்டலாம். பருவுக்கு மாத்திரை எடுக்கிறீர்களா என்று கண் டாக்டர் கேட்டால் சம்பந்தமில்லாத கேள்வி என்று நினைக்க வேண்டாம். கூடவே, ரத்த அழுத்தம் கட்டுமீறி ஏறினாலும் வட்டு வீங்கும். எம்.ஆர்.ஐ.க்கு எழுதிக் கொடுப்பதற்கு முன் கையில் பட்டையைச் சுற்றி பி.பி. பார்ப்பதற்குச் செலவே இல்லை.

பூஜ்யம் முதல் ஐந்து வரை

பல காலம் 'லேசான வீக்கம்', 'அதிக வீக்கம்' என்று ஆளுக்கொரு விதமாக எழுதிக்கொண்டிருந்தார்கள். ஒருவருக்கு லேசாகத் தெரிந்தது மற்றவருக்கு அதிகம். 1982இல் ஸ்வீடனைச் சேர்ந்த லார்ஸ் ஃப்ரிசேன் இதற்கொரு படிநிலை வகுத்தார். இன்றும் உலகெங்கும் கண் மருத்துவர்கள் பயன்படுத்துவது அதையும் அதன் திருத்திய வடிவத்தையும்தான்.

அதன் அழகு அதன் எளிமையில் இருக்கிறது. ரத்தக்கசிவு எத்தனை, சிரை எவ்வளவு புடைத்திருக்கிறது என்பதையெல்லாம் அது முதன்மையாக எடுத்துக்கொள்வதில்லை. பார்ப்பது இரண்டே விஷயம்: வட்டின் விளிம்பு எவ்வளவு மங்கியிருக்கிறது, ரத்தக்குழாய்கள் எங்கே மறைகின்றன. உப்பிய இழைகள் ஒளியைச் சிதறடிப்பதால் அவற்றுக்கு அடியில் இருப்பது கண்ணுக்குப் புலப்படாமல் போகிறது. எவ்வளவு மறைகிறதோ அவ்வளவு வீக்கம்.

பூஜ்யம் இயல்பான வட்டு. முதல் கிரேடில் வட்டைச் சுற்றிச் சாம்பல் நிறத்தில் ஒரு மங்கலான வளையம் தோன்றும். ஆனால் அது முழு வளையமல்ல, காதுப் பக்கம் திறந்திருக்கும் பிறை. அந்தத் திறப்பும் மூடி வளையம் முழுமையானால் இரண்டு. வட்டைவிட்டு வெளியே போகும் பெரிய ரத்தக்குழாய்களில் ஒன்றாவது விளிம்பில் மறைந்தால் மூன்று. வட்டின் மேலேயே ஒரு பெரிய குழாயின் துண்டு முற்றிலும் மறைந்தால் நான்கு. வட்டின் மேலும் விளிம்பிலும் எல்லாக் குழாய்களும் மறைபட்டு, வட்டு முழுவதும் மேடாகிக் கிடந்தால் ஐந்து.

முதல் கிரேடுதான் மிகவும் சிக்கலானது. சிலருக்குப் பிறவியிலேயே வட்டு நெரிசலாக, விளிம்பு தெளிவில்லாமல் இருக்கும். கிட்டத்தில் பார்க்கப் பவர் தேவைப்படும் சிறிய கண்களில் இது சகஜம். வட்டுக்குள் சுண்ணாம்புத் துகள்கள் படிந்து மேடாகத் தெரிவதும் உண்டு. 'ட்ரூசன்' எனப்படும் இத்துகள்களை பி-ஸ்கேன் அல்ட்ராசவுண்டில் கண்டுபிடித்துவிடலாம். இதைத் தெரிந்துகொள்ளாமல், நலமாக இருக்கும் பிள்ளைக்கு முதுகில் ஊசி போட்டு நீர் எடுக்கும் வரை போய்விடுவதும் நடக்கிறது. அனுபவமுள்ள இருவர் ஒரே படத்தைப் பார்த்து ஒரு கிரேடு வித்தியாசமாகச் சொல்வதும் புதிதல்ல. ஆகவே 'ஒன்றிலிருந்து இரண்டாகிவிட்டது' என்பதற்காக மட்டும் கலங்கத் தேவையில்லை. இரண்டு தேதிகளின் படங்களை அருகருகே வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.

எண் இறங்கும்போது

கிரேடு நான்கிலிருந்து ஒன்றுக்கு வந்தால் இரண்டு அர்த்தங்கள் இருக்கலாம். அழுத்தம் குறைந்து, இழைகள் பழைய நிலைக்குத் திரும்பியிருக்கலாம். அல்லது இழைகள் செத்துப்போயிருக்கலாம். செத்த இழை உப்பாது. நாள்பட்ட வீக்கத்தில் வட்டு மெல்ல மெல்ல வெளிறி, தட்டையாகி, விளிம்பு தெளிவடையும்போது கிரேடு எண் அழகாக இறங்கிக்கொண்டே வரும். பார்வைப் புலமும் கூடவே சுருங்கிக்கொண்டு வரும். கிரேடு அளப்பது வீக்கத்தை. சேதத்தை அல்ல. இந்த வேறுபாடு நோயாளியிடம் போதுமான அளவு எடுத்துச் சொல்லப்படுவதில்லை என்பது என் அபிப்பிராயம்.

இதன் இன்னொரு முகம் மேலும் ஆபத்தானது. மூளையில் நீர் சேர்ந்ததால் ஷண்ட் குழாய் பொருத்தப்பட்ட குழந்தைக்குப் பழைய வீக்கத்தால் நரம்பு ஏற்கெனவே வெளிறியிருந்தால், குழாய் அடைத்து அழுத்தம் மீண்டும் ஏறினாலும் வட்டு வீங்காமலே இருக்கலாம். 'டிஸ்க் தட்டையாகத்தான் இருக்கு' என்ற வார்த்தை அங்கே ஆறுதல் அல்ல. நரம்பியல் மருத்துவர் ஃபாஸ்டர் கென்னடி 1911இல் விவரித்த நிலையும் இதையே காட்டுகிறது: கட்டி ஒரு பக்க நரம்பை நேரடியாக நசுக்கியதால் அந்த வட்டு வெளிறிக் கிடக்கும், ஏறிய அழுத்தத்தால் மறுபக்க வட்டு மட்டும் வீங்கும்.

மெத்தனால் கலந்த சாராயத்திலும் இதே பாதைதான், வேகம் மட்டும் அதிகம். முதலில் வட்டு சிவந்து வீங்கும். சில வாரங்களில் வெளிறிவிடும். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் 60க்கும் மேற்பட்ட உயிர்களைப் பறித்தது இந்த மெத்தனால்தான்.

வட்டு சாதாரணமாகத் தெரிந்தும் நரம்பு கெட்டுக்கொண்டிருப்பது உண்டு. காசநோய்க்குத் தரும் எத்தாம்பியூட்டால் சிலருக்குப் பார்வை நரம்பைப் பாதிக்கும். தொடக்கத்தில் வட்டில் எதுவும் தெரியாது, சிவப்பு பச்சை நிறங்கள்தான் முதலில் மங்கும்.

சேதத்தை அளப்பது எப்படி

மிக முக்கியமான சோதனை, பார்வைப் புலத்தை அளக்கும் ஃபீல்டு டெஸ்ட். ஒரு கண்ணை மூடி, நேரே பார்த்தபடி, ஓரங்களில் மின்னும் ஒளிப்புள்ளிகள் தெரியும்போது பொத்தானை அழுத்த வேண்டும். சலிப்பூட்டும் சோதனை, பலருக்கு முதல் முறை சரியாக வராது. ஆனாலும் பாப்பிலடீமாவில் பாதிப்பு முதலில் தெரிவது இங்கேதான். இயல்பாகவே எல்லோருக்கும் இருக்கும் குருட்டுப்புள்ளி பெரிதாகும், பிறகு மூக்குப் பக்கத்தின் கீழ்ப்பகுதி மங்கும், பிறகு எல்லாப் பக்கமும் சுருங்கும். நடுப்பார்வை கடைசியில்தான் போகும். எழுத்துப் பலகை ஏமாற்றுவது இதனால்தான்.

ஓ.சி.டி. ஸ்கேன் நரம்பிழைப் படலத்தின் தடிமனை மைக்ரானில் தரும். சராசரியாக 100 மைக்ரானை ஒட்டியிருப்பது, வீங்கினால் அதிகமாகும், சேதமானால் குறையும். வீக்கமும் சேதமும் ஒரே நேரத்தில் நடந்தால்? இரண்டும் ஒன்றையொன்று ஈடுகட்டி, அச்சிட்ட தாளில் எல்லாம் பச்சையாகவே, அதாவது இயல்பு என்றே வரும். அதனால் நடுவிழித்திரையிலுள்ள கேங்லியான் செல் படலத்தையும் சேர்த்துப் பார்க்கிறார்கள். அது வீக்கத்தால் அவ்வளவாக உப்பாது. அது மெலிந்தால் நரம்பு செல்கள் குறைகின்றன என்று பொருள். நான்கு, ஐந்து கிரேடு வீக்கத்தில் இயந்திரம் படலத்தின் எல்லையைத் தவறாகப் பிடிக்கவும் கூடும். அங்கே டாக்டரின் கண்ணையே நம்ப வேண்டியிருக்கிறது.

டார்ச் வெளிச்சத்தை இரு கண்களுக்கும் மாற்றி மாற்றி அடித்துப் பாப்பா எப்படிச் சுருங்குகிறது என்று பார்ப்பதும், சிவப்பு மூடியை ஒவ்வொரு கண்ணாலும் பார்க்கச் சொல்வதும் இரண்டு நிமிட வேலை. ஒரு பக்க நரம்பு மட்டும் கெட்டிருந்தால் காட்டிக்கொடுத்துவிடும்.

சிகிச்சை

காரணத்துக்கே சிகிச்சை. கட்டியோ உறைகட்டியோ தொற்றோ இருந்தால் அதற்குரியது. முன்பு சொன்ன, ஸ்கேனில் எதுவும் தெரியாத வகைக்கு அசெட்டசோலமைடு மாத்திரையும் எடைக் குறைப்பும். 2014இல் வெளியான, 165 பேர் பங்கேற்ற வட அமெரிக்க ஆய்வில், எடைக் குறைப்பு உணவு முறையை மட்டும் பின்பற்றியவர்களைவிட, அதோடு இந்த மாத்திரையும் சேர்த்து எடுத்தவர்களின் பார்வைப் புலம் நன்றாகத் தேறியது. மாத்திரையால் விரல் நுனி மரமரக்கும், சோடா ருசியில்லாமல் போகும். அதற்குப் பயந்து நீங்களாக நிறுத்தாதீர்கள். பார்வை வேகமாகக் குறைந்தால் நரம்பின் உறையில் சிறு துளையிடுவது அல்லது ஷண்ட் வைப்பது என்று அறுவை சிகிச்சைக்குப் போவார்கள். அங்கே வாரக்கணக்கில் யோசிக்க நேரம் இருக்காது.

உள்ளே பார்க்கச் சொல்லுங்கள்

தலைவலியோடு வருகிறவரின் கண்ணுக்குள் பார்ப்பது எந்த டாக்டரும் செய்யக்கூடியது. செய்கிறார்களா? 2011இல் வெளியான அமெரிக்க ஆய்வொன்றில் அவசரப் பிரிவுக்கு வந்த 350 பேரில் 44 பேருக்குச் சிகிச்சைக்குத் தொடர்புள்ள மாற்றங்கள் கண்ணுக்குள் இருந்தன. ஆனால் மருத்துவர்கள் ஆஃப்தால்மாஸ்கோப்பால் பார்த்தது 14 சதவீதம் பேரை மட்டுமே. 2020இல், விழித்திரைப் படத்தை வைத்தே பாப்பிலடீமாவைக் கண்டறியும் செயற்கை நுண்ணறிவு நிரல் ஒன்று 96 சதவீத நோயாளிகளைச் சரியாகப் பிடித்தது. ஆனால் படம் எடுத்தால்தானே நிரலுக்கு வேலை.

ஆகவே நீங்களே கேளுங்கள். குனிந்து நிமிரும்போது சில விநாடிகள் கண் இருட்டுவது, காலையில் தலைவலியும் வாந்தியும், காதுக்குள் நாடித்துடிப்பு ஒலிப்பது, ஒன்று இரண்டாகத் தெரிவது ஆகியவற்றில் எது இருந்தாலும் ஆப்டிகல்ஸ் கடைக்குப் போகாமல், அன்றே கண் மருத்துவமனைக்குப் போய், மருந்து விட்டு டிஸ்க்கைப் பார்க்கச் சொல்லுங்கள். சொட்டு மருந்து விட்டால் சில மணி நேரம் பார்வை கூசும். டூவீலரை வீட்டில் விட்டுவிட்டுத் துணைக்கு ஒருவரைக் கூட்டிப் போங்கள். வீக்கம் என்று தெரிந்தவர்கள் டிஸ்க் போட்டோ, ஃபீல்டு டெஸ்ட், ஓ.சி.டி. மூன்றின் பிரதிகளையும் தேதியோடு ஒரு ஃபைலில் வைத்து ஒவ்வொரு முறையும் எடுத்துப் போங்கள். கிரேடு குறைந்திருக்கிறது என்று டாக்டர் சொன்னால், ஃபீல்டு எப்படி இருக்கிறது என்று அடுத்த கேள்வியைக் கேளுங்கள்.