திட்டு வார்த்தைக்கு ராகம் கட்டினார்கள்!
எண்ணூர் சாம்பல் மேட்டில் ஒரு பாட்டு

கும்மிடிப்பூண்டி லோக்கலில் போகிறவர்களுக்குத் தெரியும். எண்ணூர் தாண்டியதும் ரயில் ஒரு பாலத்தில் தடதடக்கும். கீழே கொசஸ்தலை ஆறு. அனல் மின்நிலையச் சாம்பல் அதன் கழிமுகத்தில் படிந்து கிடக்கிறது. இறாலும் நண்டும் பிடித்துப் பிழைத்தவர்கள் கையைப் பிசைகிறார்கள்.

இதைப் படம் எடுத்தால் எப்படி இசை போடுவது? அந்தக் காலத்தில் தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் செய்திப்படம் ஓடுமே, ஞாபகம் இருக்கிறதா? வெள்ளமா, பஞ்சமா, உடனே ஷெனாய் அழும். ஜனங்கள் பீடி பிடிக்க வெளியே நழுவி விடுவார்கள்!

2017 ஜனவரியில் வந்த 'சென்னை பொறம்போக்கு பாடல்' அழவில்லை. வம்புக்கு இழுத்தது. எண்ணூரிலேயே எடுத்த இந்தப் பாட்டுப்படத்தை இயக்கியவர் ரதீந்திரன் பிரசாத். பாட்டு எழுதியவர் கபேர் வாசுகி. மெட்டு, வயலின் வித்வான் ஆர்.கே.ஸ்ரீராம்குமார். பாடியவர் டி.எம்.கிருஷ்ணா.

பஸ்ஸில் காலை மிதித்தால் வருமே, அதே 'பொறம்போக்கு'தான்! ஆனால் தாலுகா ஆபீசில் கேட்டுப் பாருங்கள். தனி ஆளுக்குப் பட்டா இல்லாத நிலம் புறம்போக்கு. மேய்ச்சல் தரை, ஏரி, ஆற்றங்கரை எல்லாம் அதில் சேர்த்தி. ஊர் சொத்து எப்போது வசவு ஆயிற்று? பாட்டின் கேள்வியே அதுதான்.

இழுக்கவா, வேண்டாமா?

மெட்டுப் போட்டவர் பாடுதான் திண்டாட்டம். கர்நாடக சங்கீதத்தில் குரல் அசைய நெடில் வேண்டும். மெட்ராஸ் பாஷையோ எழுத்தை முழுங்கி ஓடும். 'இருக்கிறது' என்பது 'கீது' ஆகிவிடும். இழுத்தால் பேச்சு போச்சு. இழுக்காவிட்டால் ராகம் நிற்காது.

ஸ்ரீராம்குமார் ஒரே ராகத்தில் உட்காரவில்லை. ஆனந்தபைரவியில் ஆரம்பித்து, பேகடை, தேவகாந்தாரி என்று மாறி மாறி, சிந்துபைரவிக்கு வருகிற ராகமாலிகை. சபாவில் கேட்டுப் பழகிய அதே ராகங்கள்தான். எதிரே மட்டும் சாம்பல்! ராகம் பேர் தெரியாதவர்களுக்கும் 'என்னடா இது' என்று காது நிமிரும். சோக வயலினை விட இது எவ்வளவோ மேல்.

2015 டிசம்பர் வெள்ளத்தை மறந்திருக்க மாட்டீர்கள். தண்ணீர் கடலுக்குப் போகிற வழியை அடைத்தால் என்ன ஆகும் என்பதும் பாட்டில் வருகிறது.

2023 டிசம்பரில் மிச்சாங் புயல் மழையோடு எண்ணூர் முகத்துவாரத்தில் எண்ணெய் கலந்தது. அதை மீனவர்கள் படகில் போய், பக்கெட்டில் அள்ளினார்கள். அதற்கு இன்னொரு ராகம்தான் தேட வேண்டும்.