பறவைக்குக் கூலி இல்லை

மும்பை மலபார் மலையில் ஏறத்தாழ 54 ஏக்கர் தோப்பு. டூங்கர்வாடி என்று பெயர். அங்கே மும்பைப் பார்சிகளின் முதல் தக்மா 1670-களில் எழுந்தது. கூரை இல்லாத வட்டக் கோபுரம். உள்ளே மூன்று சுற்று: வெளியே ஆண்கள், நடுவில் பெண்கள், உள்ளே குழந்தைகள். மண்ணும் நீரும் நெருப்பும் அவர்களுக்குப் புனிதம். பிணத்தால் அவை தீட்டாகக் கூடாது. அதனால் உடலைப் பிணந்தின்னிக் கழுகுகளான பாறுகளுக்குக் கொடுத்தார்கள்.

நம் ஊர்ச் சிதை ஒன்றுக்கு 400 முதல் 500 கிலோ விறகு வேண்டும். தக்மாவில் விறகு 0, புதைகுழி 0. செல்வந்தருக்கும் ஏழைக்கும் அதே கல். உடலைச் சுமந்து செல்லும் நசசாலர்களுக்குச் சம்பளம் உண்டு. வேலையை முடித்து வைக்கும் பறவைக்குக் கூலி கிடையாது. கூலி இல்லாததாலோ என்னவோ, அது போகும்வரை யாரும் அதைக் கணக்கில் சேர்க்கவில்லை.

1992-இல் இந்தியாவில் 1,000 வெண்முதுகுப் பாறுகள் இருந்த இடத்தில் 2007-இல் மிஞ்சியது 1. மாட்டுக்கு வலிமருந்தாகப் போட்ட டைக்ளோஃபினாக்கே காரணம் என்று 2004-இல் தெரிந்தது. மருந்து ஏறிய மாடு செத்தால், அதைத் தின்ற பாறு சிறுநீரகம் கெட்டுச் சாகும். எல்லா மாட்டிலும் மருந்து இருக்க வேண்டியதில்லை. 130 முதல் 760 சடலங்களுக்கு ஒன்றில் இருந்தாலே இந்த அழிவுக்குப் போதும். இந்தக் கணக்குதான் என்னை உலுக்கியது. 2006-இல் கால்நடைகளுக்கு அந்த மருந்து தடையானது. மனிதர்களுக்கான பெரிய குப்பிகள் மாட்டுக்குப் போவதைத் தடுக்க, 2015-இல் ஊசி மருந்தை 3 மில்லிக்குள் சுருக்கினார்கள்.

இழப்பு தோப்போடு நிற்கவில்லை. அழுகிய மாட்டுச் சடலங்களால் நீர் கெட்டது, தெருநாய்கள் பெருகின. 2000 முதல் 2005 வரை கூடுதலாக 5 லட்சம் மனித உயிர்கள் போயின என்றும், ஆண்டுக்கு 6,940 கோடி டாலர் இழப்பு என்றும் இரு பொருளியலாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள்.

பாறுகளுக்குப் பதிலாக டூங்கர்வாடியில் வெயிலைக் குவிக்கும் கருவிகளை வைத்தார்கள். மும்பையின் மழை மாதங்களில் அவற்றால் பயனில்லை. தகனத்தை நாடும் குடும்பங்களுக்காக 2015-இல் வோர்லி மயானத்தில் பிரார்த்தனைக் கூடம் திறந்தது. தாத்தாவைத் தக்மாவில் விட்ட குடும்பம் அப்பாவை நெருப்பில் வைக்கும் முடிவை எடுக்கிறது. அந்த வேதனைக்குப் பேரேட்டில் பத்தி இல்லை.

நீலகிரி அடிவாரத்து மாயாற்றுப் பள்ளத்தாக்கில் இன்னும் பாறுகள் கூடு கட்டுகின்றன. ஆண்டுக்கு ஒரு முட்டை. குஞ்சு வளர்ந்து இணைசேரச் சுமார் 5 ஆண்டுகள்.