பாசுமதிக்கு ஒரு நீதி, சீரகச் சம்பாவுக்கு ஒரு நீதி

புது தில்லி: அரிசி ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தும் மத்திய அரசின் ஆணைகள் மண அரிசி என்றால் பாசுமதியை மட்டுமே அறிந்திருந்தன. ஆம்பூர், திண்டுக்கல் பிரியாணிக்கு மணம் சேர்க்கும் சீரகச் சம்பா, இந்தக் கணக்கில் ரேஷன் அரிசியோடு ஒரே வரிசையில் நின்றது.

அந்த வரிசையில் நிற்பதன் விலை 2022 செப்டம்பரில் தெரிந்தது. புழுங்கல் அரிசியும் பாசுமதியும் நீங்கலாக மற்ற அரிசி ஏற்றுமதிக்கு 20 சதவீத வரி விதிக்கப்பட்டது. 2023 ஜூலை 20-ல் பாசுமதி அல்லாத பச்சரிசி ஏற்றுமதிக்கே தடை வந்தது. பாசுமதிக்குக் குறைந்தபட்ச ஏற்றுமதி விலை நிர்ணயிக்கப்பட்டதே தவிர, தடை இல்லை.

உள்நாட்டில் விலை உயராமல் தடுப்பதே நோக்கம் என்று அரசு கூறியது. நோக்கத்தில் குறை காண முடியாது. ஆனால், சாதாரண அரிசியைவிடப் பன்மடங்கு விலை போகும் சீரகச் சம்பாவைத் துறைமுகத்தில் நிறுத்துவதால் ஏழையின் உலையில் கூடுதலாக ஒரு பிடி அரிசி விழப்போவதில்லை.

பிற மாநிலங்கள் சும்மா இருக்கவில்லை. கோவிந்தபோக் அரிசிக்கு வரி விலக்குக் கோரி மேற்கு வங்க முதல்வர் மம்தா பானர்ஜி 2022 நவம்பரில் பிரதமருக்குக் கடிதம் எழுதினார். உத்தரப் பிரதேசத்தின் சித்தார்த்நகர் வட்டாரத்தில் விளையும் கருப்பு உமி கொண்ட காலாநமக் அரிசி 2013-லேயே புவிசார் குறியீடு பெற்றிருந்தது. தடை நீடித்த 2024 ஏப்ரலில், அதில் ஆயிரம் டன்னை மட்டும் குறிப்பிட்ட சுங்க நிலையங்கள் வழியே அனுப்ப அனுமதி கிடைத்தது. பொதுவான தடை அவ்வாண்டு செப்டம்பரில்தான் விலகியது.

பாசுமதியின் தனி மதிப்பும் தானாக வந்ததல்ல. 1997-ல் அமெரிக்காவின் ரைஸ்டெக் நிறுவனம் பாசுமதி தொடர்பான காப்புரிமை பெற்றபோது நாடே கொதித்தது. இந்தியா எதிர்த்து வாதாடியதில் 2001-க்குள் அதன் பெரும்பாலான உரிமைக் கோரிக்கைகள் விலகின. 1999-ல் இயற்றப்பட்ட புவிசார் குறியீட்டுச் சட்டம் 2003-ல் நடைமுறைக்கு வந்தது. அதன்கீழ் பாசுமதி பதிவு பெற 2016 ஆயிற்று. வயநாட்டின் ஜீரகசாலாவும் கந்தகசாலாவும் 2010-லேயே அதைப் பெற்றுவிட்டன என்பது பலருக்கும் தெரியாது.

இப்போது ஒரு வழி திறந்துள்ளது. 2025 நிதி மசோதாவின் மூலம், புவிசார் குறியீடு பெற்ற அரிசிக்குத் தனிச் சுங்க எண் ஒதுக்கப்பட்டு, மே 1 முதல் நடைமுறைக்கு வந்தது. மற்ற அரிசிக்குத் தடை விதிக்க நேர்ந்தாலும், இவற்றைப் பிரித்தறிந்து அனுமதிக்க இனி இயலும். பெயர்ப் பதிவு இல்லாத மண அரிசிக்கோ, பழைய வரிசைதான்.

பதிவுக்கு விளையும் எல்லை, வரலாறு, தனித்தன்மை ஆகியவற்றை ஆவணங்களுடன் நிறுவ வேண்டும்; விண்ணப்பிக்க உழவர் அமைப்போ அரசுத் துறையோ முன்வர வேண்டும். கேரளச் சந்தையில் ஜீரகசாலா என்ற பெயரில் வங்காளத்துச் சிறுமணி அரிசியும் விற்பனையாகிறது. பதிவு பெற்ற பெயருக்கே இந்த நிலை.