சீனிச்சம்பல் பணிஸ்: இலாபம் கரைவது எங்கே?

சுபஹுத் தொழுகை முடிந்ததும் காத்தான்குடியிலும் ஏறாவூரிலும் தேநீரோடு பலர் தேடுவது இனிப்பும் உறைப்பும் கலந்த சீனிச்சம்பல் பணிஸ். இதன் கணக்கில் நம்மவர் தவறுவது வெங்காயத்தில்தான். வெங்காயத்தில் பெரும்பகுதி நீர். வதக்க வதக்க அது வற்றி, நிறை பாதிக்கும் கீழே இறங்கிவிடும். எனவே வாங்கிய நிறையை அல்ல, சட்டியிலிருந்து இறக்கிய சம்பலின் நிறையை வைத்தே அடக்கவிலை போடுங்கள். மாசி, சீனி, எண்ணெய், விறகு, கூலி எல்லாவற்றையும் சேருங்கள். சம்பல் நன்றாக ஆறிய பின்பே மாவுக்குள் வையுங்கள். இல்லாவிட்டால் உட்புறம் ஈரமாகிப் பிசுபிசுக்கும், கழிவு கூடும்.

பொருள் விலை ஏறும்போது சம்பலைக் குறைப்பது சுலபம். பாணுக்கு 450 கிராம் என்று 2024இல் வர்த்தமானி வந்தது. பணிஸுக்குள் இருப்பதை நிறுப்பவர் நாம் மட்டுமே. அளவை நிறுவையில் குறைப்போரை அல்குர்ஆனின் 83ஆவது அத்தியாயம் கண்டிக்கிறது. விலையைச் சொல்லிக் கூட்டுங்கள். சம்பலைச் சொல்லாமல் குறைக்காதீர்கள். பரக்கத் அதில்தான்.