உங்கள் கேமரா யார் வீட்டைப் பார்க்கிறது?

கொல்கத்தாவில் ஒரே வீட்டில் வசித்த சகோதரர்களுக்குள் தகராறு. ஒருவர் பொருத்திய சிசிடிவி கேமராக்கள் மற்றவர் குடியிருக்கும் பகுதியையும் படம்பிடித்தன. கூட வசிப்பவரின் சம்மதமில்லாமல் குடியிருப்புப் பகுதிக்குள் கேமராவை இயக்குவது அந்தரங்க உரிமை மீறல் என்று கல்கத்தா உயர் நீதிமன்றம் 2025-இல் தீர்ப்பளித்தது. அதில் தலையிட உச்ச நீதிமன்றமும் மறுத்துவிட்டது.

அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று 2017-இல் புட்டசாமி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் சொன்னதுதான் இதற்கு அடித்தளம். சொத்தைக் காக்கும் உரிமை உங்களுக்கு உண்டு. ஆனால் அது அடுத்தவர் ஜன்னலுக்கு முன்பே நின்றுவிடுகிறது.

பக்கத்து வீட்டுக்காரரின் கேமரா உங்கள் கொல்லைப்புறத்தைப் பார்த்தால்? இங்குதான் சிக்கல். 2023-இன் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், ஒருவர் சொந்த, வீட்டு உபயோகத்துக்காகக் கையாளும் தரவுகளுக்கு விலக்கு தருகிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ பிரிவும் பாரதிய நியாய சன்ஹிதாவின் 77-ஆவது பிரிவும் கடுமையானவைதான். ஆனால் அவை குறிவைப்பது அந்தரங்க உறுப்புகளையும் பெண்களின் அந்தரங்கச் செயல்களையும் படமெடுப்பவர்களை. மாடியில் துணி காயப்போடுபவரை நாள் முழுக்கப் பதிவு செய்யும் கேமரா இவற்றில் எளிதில் சிக்காது. மிஞ்சுவது சிவில் வழக்கு. அது எத்தனை வருடம் இழுக்கும் என்பதை நம் ஊரில் யாருக்கும் சொல்லத் தேவையில்லை.

சென்னைக் காவல்துறையின் ‘மூன்றாம் கண்’ திட்டத்துக்குப் பிறகு தெருவுக்குத் தெரு கேமரா வந்தது. திருடனைப் பிடிக்க அது உதவுகிறது என்பதில் சந்தேகமில்லை. எந்தக் கோணத்தில் வைப்பது என்ற பேச்சுதான் அதிகம் எழவில்லை.

பலர் மறப்பது மைக்கை. பிரிட்டனில் ஆக்ஸ்ஃபோர்டு நீதிமன்றம் 2021-இல் ஒரு வீட்டு வாசல்மணி கேமரா வழக்கை விசாரித்தபோது, படத்தைவிட ஒலிப்பதிவையே கூடுதல் சிக்கலாகக் கருதியது. தெருவில் இருவர் பேசுவதைப் பதிவு செய்து திருட்டை எப்படித் தடுப்பது?

கேமரா பொருத்த வருபவரிடம் ‘பிரைவசி மாஸ்க்’ போடச் சொல்லுங்கள். அடுத்த வீடு தெரியும் பகுதி திரையில் கறுப்பாகிவிடும். பெரும்பாலான புதிய கருவிகளில் இந்த வசதி உண்டு. நிறுவனம் கொடுத்த பாஸ்வேர்டை அன்றே மாற்றுங்கள். இல்லாவிட்டால் உங்கள் கூடத்தையே வெளியாள் பார்க்கக்கூடும். வீட்டு வேலைக்கு வருபவரிடமும் குடித்தனக்காரரிடமும் கேமரா எங்கே இருக்கிறது என்பதை முதல் நாளே சொல்லிவிடுங்கள். பக்கத்து வீட்டாரை ஒருமுறை அழைத்து, உங்கள் திரையில் என்ன தெரிகிறது என்று காட்டிவிடுங்கள். பாதி வழக்குகள் அங்கேயே முடிந்துவிடும்.